தேதி போடாத ராஜினாமா

வேட்பாளர்களில் சரிபாதிப் பேர் பெண்களாக இருக்க வேண்டும் என்று சட்டம் வந்ததும், கட்சித் தலைவர் லிபோரியோ அதைப் பெருமகிழ்ச்சியுடன் வரவேற்று அறிக்கை விட்டார். விட்ட கையோடு இரண்டு நாள் சோறு இறங்கவில்லை. மாநில சபைக்கு அந்தத் தொகுதியில் நிற்க அவர் ஒன்பது வருஷமாகக் காத்திருந்தவர்.

மூன்றாம் நாள் தெளிந்தார். வாக்குச்சீட்டில் வேட்பாளர் பெயருக்குக் கீழே மாற்று ஆளின் பெயரும் இருக்கும். மேலே இருப்பவர் விலகினால் கீழே இருப்பவர் உட்காருவார். அப்படியானால் மேலே ஒரு பெண், கீழே லிபோரியோ. சட்டத்துக்கும் மனசு குளிரும், நாற்காலியும் வீட்டுக்கு வரும்.

அந்தப் பெண்ணாக எடெல்மிராவைப் பிடித்தார்கள். பிறப்புப் பதிவு அலுவலகத்தின் நான்காம் ஜன்னலில் இருபத்திரண்டு வருஷம் உட்கார்ந்தவள். குரல் உயர்த்தியதே கிடையாது. தேதி போடாத ராஜினாமாக் கடிதத்தை நீட்டியதும், "எத்தனை பிரதி?" என்று மட்டும் கேட்டுவிட்டுக் கையெழுத்துப் போட்டாள்.

அவளுக்கு வேண்டியது ஒன்றே ஒன்று. அவள் குடியிருந்த மேட்டுத் தெருவுக்கு எட்டு நாளைக்கு ஒருமுறைதான் தண்ணீர் லாரி. பக்கத்து வீட்டு நிக்கோலாசா சொல்லியிருந்தாள்: "மூணு நாள் உட்கார்ந்தாலும் போதும்டி. ஒரு குழாயைக் கேட்டு வாங்கிட்டு எந்திரிச்சிடு."

சுவரொட்டியில் லிபோரியோவின் முகம் பூசணிக்காய் அளவுக்கு இருந்தது. ஓரத்தில் எலுமிச்சம்பழ அளவில் எடெல்மிரா. கீழே, 'இது பெண்களின் காலம்.' ஜெயித்தார்கள்.

பதவியேற்ற அன்றைக்கே கடிதத்தைக் கொடுத்தால் நாலு பேர் நாலு விதமாகப் பேசுவார்களே என்று, நாகரிகம் கருதி லிபோரியோ ஒரு வாரம் பொறுத்தார். அந்த வாரத்தில் சபையில் குழுக்களைப் பங்கு போட்டார்கள். மனு வாங்கும் ஜன்னல்களின் நடைமுறைக் குழுவை யாருமே சீந்தவில்லை. எடெல்மிரா கேட்டு வாங்கிக்கொண்டு, பதினான்கு விதிகள் எழுதிக் கொண்டுவந்தாள். ராஜினாமாவுக்கு மட்டும் என்றால் சந்தேகம் வருமே, அதனால் எல்லா மனுவுக்கும் என்று எழுதியிருந்தாள். மத்தியானச் சாப்பாட்டுக்கு ஐந்து நிமிஷம் இருந்தபோது வாசித்தார்கள். ஏகமனதாக நிறைவேறியது.

எட்டாம் நாள் லிபோரியோ ராஜினாமாக் கடிதத்தை எடுத்துக்கொண்டு, புதுக் கோட்டுடன் சபையின் மனு ஜன்னலுக்கு வந்தார்.

"விலகுறவங்களோட பிறப்புச் சான்றிதழ் வேணும் ஐயா," என்றான் குமாஸ்தா.

அதையும் கொண்டுவந்திருந்தார். அவன் திருப்பிப் பார்த்துவிட்டு, "இது பழசு. எடுத்து மூணு மாசத்துக்குள்ள இருக்கணும்," என்றான்.

"ஏன்ப்பா, பிறந்தது ஒரு தடவைதானே?"

"பிறந்தது ஒரு தடவைதான். சான்றிதழ் மூணு மாசத்துக்கு ஒரு தடவை."

புதுச் சான்றிதழை அவரவர் நேரில் போய்த்தான் வாங்க வேண்டும். எடெல்மிராவுக்கு அன்று கூட்டம், மறுநாளும் கூட்டம். "எனக்கும் சங்கடமாத்தான் இருக்கு ஐயா. விதின்னு ஒண்ணு வந்துடுச்சே," என்று ஆறுதல் சொன்னாள். ஒருவழியாக அவள் போய் வாங்கித் தந்தபோது முகவரிச் சான்று காலாவதி ஆகியிருந்தது. அதைப் புதுப்பித்ததும் இது பழசானது. இப்படியே மூன்று வருஷம் ஓடியது.

குழாய் வந்தது. மேட்டுத் தெரு முழுக்க நீல நிறக் குழாய், வாத்தியக் கோஷ்டியுடன் இரண்டு முறை திறந்துவைத்தார்கள். தண்ணீர் மட்டும் வரவில்லை. குழாய் மாநிலத்தைச் சேர்ந்தது, தண்ணீர் மத்திய அரசைச் சேர்ந்ததாம்.

ஆகவே எடெல்மிரா மத்திய சபைக்கு நின்றாள். கீழே மறுபடியும் லிபோரியோ, கையில் தேதி போடாத புதுக் கடிதம். இந்த முறை அவளே மூன்று பிரதி போட்டுக் கொடுத்தாள். தலைநகரத்திலும் ஜன்னல் குழுவை யாரும் சீந்தவில்லை. அந்தப் பதினான்கு விதிகளும் அங்கேயும் ஏகமனதாக ஏறின.

ஒரு செவ்வாய்க்கிழமை நிக்கோலாசா தண்ணீர் மனுவுடன் பஸ் பிடித்து வந்தாள். மடியில் ஒரு பொட்டலம் தமாலே, சோளமாவுக் கொழுக்கட்டை. குமாஸ்தா அவள் சான்றிதழைப் புரட்டினான். மூன்று மாசமும் நாலு நாளும் ஆகியிருந்தது. நிக்கோலாசா கத்திய கத்தலில் எடெல்மிராவே எழுந்து வந்தாள்.

"நாலு நாள்தானேடி. நீ எழுதின விதி, நீ சொன்னா வாங்கிக்க மாட்டானா?"

எடெல்மிரா மனுவைக் கையில் வாங்கினாள். பேனாவைத் திறந்தாள். ஒரு சுழி போட்டால் தெருவுக்குத் தண்ணீர். அப்போதுதான் நிக்கோலாசாவுக்குப் பின்னால் வரிசையில் நிற்கும் ஆளைப் பார்த்தாள். லிபோரியோ. கோட்டு சாயம் போயிருந்தது. அவர் கையிலிருந்த காகிதங்களில் எல்லாமே சரி, ஒன்று மட்டும் இரண்டு நாள் பழசு.

"அவங்களுக்கு நாலு நாளை விட்டுக்கொடுங்கம்மா," என்றார் அவர் எடெல்மிராவிடம் பணிவாக. "வரிசையில அடுத்த ஆள் நான்தான். எனக்கு ரெண்டே நாள்."

எடெல்மிரா மனுவைத் திருப்பிக் கொடுத்தாள். "தண்ணிக்காகத்தான்டி இந்த நாற்காலியில இருக்கேன். நாற்காலி போயிட்டா அப்புறம் தண்ணியை யார் கேக்கறது?"

நிக்கோலாசா வெகுநேரம் யோசித்தாள். யோசிக்க யோசிக்க அதுவும் நியாயமாகத்தான் பட்டது. தமாலேயை லிபோரியோவுக்கும் ஒன்று கொடுத்துவிட்டு ஊர் திரும்பினாள்.

அடுத்த தேர்தலிலும் மேட்டுத் தெரு மொத்தமும் எடெல்மிராவுக்கே போட்டது. குழாய் கொண்டுவந்தவள் இல்லையா. லாரி வரும் நாளில் துவைத்த துணியெல்லாம் அந்த நீலக் குழாய் மேல்தான் காய்கிறது.