கெல்சிக்கு ஒரு டிரஸ்ட்

இந்த வருஷம் ஒரு காரியமாவது மார்லிஸைக் கேட்காமல் செய்வது என்று தீர்மானித்தேன். கல்யாணமாகி நாற்பத்தோரு வருஷத்தில் இதுதான் என் முதல் புரட்சி.

காரணம் எங்கள் மகள் கெல்சி. வயது முப்பத்து மூன்று. டவுன் சிண்ட்ரோமோடு பிறந்தவள். மளிகைக் கடையில் சாமான்களைப் பையில் போட்டுக் கொடுக்கிறாள். முட்டை மேலேதான் இருக்க வேண்டும், முதலாளியே சொன்னாலும் மாற்ற மாட்டாள். எங்களுக்குப் பிறகு அவளுக்கு யார்? சொத்தை நேரே அவளுக்கு எழுதினால், வசதி வந்துவிட்டது என்று அரசாங்கம் உதவித்தொகையையும் வைத்தியச் செலவையும் நிறுத்திவிடுமாம். அவளுக்கென்று தனி டிரஸ்ட் வைத்து அதில் போட்டால் நிறுத்தாதாம். எங்கள் ஊர் ஷெபாய்கன் நூலகத்தில் ஒருவர் சொல்லக் கேட்டேன். அன்றைக்கு எனக்குச் சாப்பாடே இறங்கவில்லை.

உறைந்த ஏரியில் மீன் பிடிக்கப் போவதாக மூன்று தடவை புளுகிவிட்டு வக்கீலிடம் போனேன். கடையில் மீன் வாங்கி வந்தேன். மூன்றாவது தடவை வக்கீல் குண்டைப் போட்டார். வீட்டை டிரஸ்ட் பெயருக்கு மாற்றாவிட்டால் அது வெறும் காலிப் பெட்டியாம். மாற்றுவதற்கு மனைவியும் கையெழுத்துப் போட வேண்டுமாம்!

மார்லிஸ் மீன் வறுத்துக்கொண்டிருந்தாள்.

"இதுல ஒரு கையெழுத்துப் போடேன். சும்மா... கார் இன்ஷூரன்ஸ்."

"கார் இன்ஷூரன்ஸா? நம்ம வீட்டு எல்லையெல்லாம் எதுக்கு எழுதியிருக்கு?"

"கார் அங்கதானே நிக்குது."

"ஏங்க, ஏரியில வக்கீலையா பிடிச்சீங்க?"

மாட்டிக்கொண்டேன். "கெல்சிக்காகத்தான் மார்லிஸ். பயமா இருக்கு" என்றேன்.

அடுப்பை அணைத்தாள். என் தலையை ஒரு தடவை தடவிக் கொடுத்தாள். பிறகு அலமாரியிலிருந்து ஒரு பைலை எடுத்து என் முன்னால் வைத்தாள்.

"வீடு நம்ம பேர்ல இருந்தாத்தானே நான் கையெழுத்துப் போட? ஆறு வருஷம் முந்தியே ஒரு குடும்ப டிரஸ்டுக்குப் போயாச்சு. நம்ம காலத்துக்குப் பிறகு எல்லாம் கெல்சியோட தனி டிரஸ்டுக்குப் போகும்."

அதிலிருந்த பத்திரத்தின் அடியில் என் கையெழுத்து!

"நான் எப்போ போட்டேன்?"

"நம்ம டீம் பைனல் ஆடின அன்னிக்கு. பக்கத்து வீட்டு டாரிஸ் நோட்டரி முத்திரையோட வந்தாளே. 'மனசாரப் போடறீங்களா'ன்னு கேட்டா. 'போடறேன், டிவியை மறைக்காதே'ன்னீங்க."

"எங்கிட்ட ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாமே!"

"சொன்னேன். விளம்பரம் ஓடறப்போ."

வெட்கமாகத்தான் இருந்தது. ஆனாலும் மூன்று மாதமாக நெஞ்சில் கிடந்த பாரம் இறங்கிவிட்டது.

பைலில் இரண்டு கடிதங்கள். முதலாவது, எங்களுக்குப் பிறகு கெல்சியைப் பார்த்துக்கொள்பவர்களுக்கு மார்லிஸ் எழுதியது. இடி இடித்தால் கெல்சியின் கையைப் பிடித்துக்கொள்ள வேண்டும். அவளை வைத்துக்கொண்டே அவளைப் பற்றி மற்றவர்களிடம் பேசக் கூடாது. அவளிடமே பேச வேண்டும். இப்படி நான்கு பக்கம். படித்து அழுதுவிட்டேன்.

இரண்டாவது கடிதம் ஒன்பது பக்கம். மார்லிஸ் முதலில் போய்விட்டால் என்னைப் பார்த்துக்கொள்வது எப்படி என்று. மாத்திரை, மப்ளர், வெண்ணெயின் அளவு எல்லாம் இருந்தன. பொறுப்பாளர் என்ற இடத்தில் கெல்சியின் பெயர்.

வேலை முடிந்து வந்த கெல்சியிடம் அதைக் காட்டினேன். என்னைக் கட்டிக்கொண்டாள்.

"பயப்படாதீங்கப்பா, நான் பாத்துக்கறேன். ஆனா சொன்ன பேச்சைக் கேக்கணும்."