வெண்கல மணி வழக்கில் ஒருவரைக்கூடக் கைது செய்யாதது பற்றி

அன்புள்ள மைத்துனருக்கு,

வக்கீல் என்ற முறையில் உனக்கு வணக்கம். என் மனைவியின் தம்பி என்ற முறையில் ஆசிகள். இங்கே நானும் உன் அக்காளும் நலம். நீதிதான் நலமாக இல்லை.

நான் ஓய்வு பெற்ற அன்று பள்ளியில் கொடுத்த வெண்கலக் கைமணி செவ்வாய்க்கிழமை காணாமற்போய்விட்டது. எடுத்தவர் யாரென்று ஒன்றாம் வகுப்புப் பிள்ளையும் சொல்லிவிடும். எதிர்வீட்டு எலெக்ட்ரீஷியன்தான். இரவு வேலை பார்த்துவிட்டுப் பகலில் தூங்குகிறவர். வீட்டில் ஓர் ஒழுங்கு இருக்கட்டுமே என்று நான் அடிக்கும் காலை மணி, இடைவேளை மணி, சாப்பாட்டு மணி மூன்றுக்கும் முகம் சுளித்தவர், போன வாரம் நாலு பேர் கேட்க, "ஸார், அந்த மணியை என்னைக்காவது தூக்கிக் கடல்ல போட்டுடுவேன், பாத்துக்குங்க" என்றார். வரும் திங்கட்கிழமை அவர் கப்பல் வேலைக்குப் போகிறார். கப்பல் எங்கே நிற்கும்? கடலில். இதற்குமேல் என்ன சாட்சியம் வேண்டும்?

காவல் நிலைய உதவி ஆய்வாளர் என் பழைய மாணவன். புகாரை மரியாதையாகப் பதிவு செய்தான். "சரி, கைது செய்" என்றேன்.

"எதுக்கு ஸார்? ஏதோ கோபத்துல சொன்ன வார்த்தை. பெட்டியெல்லாம் அவரே திறந்து காட்டிட்டார். கூப்பிட்டப்பல்லாம் வர்றார். இப்ப உள்ள வெச்சா கப்பல் வேலை போயிடும். நாளைக்கு அவர் எடுக்கலேன்னு தெரிஞ்சா, அந்த வேலையை யார் ஸார் திருப்பித் தருவா? அதிகாரம் இருந்தா போதுமா, அவசியமும் இருக்கணும்ல?"

எனக்கே பாடம்! பொறுமையாக எடுத்துக்காட்டுடன் விளக்கினேன். வகுப்பில் பென்சில் காணோமென்றால் நான் என்ன செய்வேன்? அந்த வரிசை முழுவதையும் வெயிலில் நிறுத்துவேன். பத்து நிமிஷத்தில் பென்சில் வந்துவிடும்.

"தெரியும் ஸார். அந்த வரிசையில நானும் நின்னேன். பென்சிலை நான் எடுக்கல."

அது வேறு விஷயம். நேரே நீதிமன்றத்துக்குப் போனேன். மாஜிஸ்திரேட் என் மனுவை முழுக்கப் படித்தார், அதில் குறையில்லை. "விசாரணை சரியா நடக்கலேன்னா சொல்லுங்க, என்னாச்சுன்னு கேக்குறேன். ஆனா இவரைப் பிடி, அவரைப் பிடின்னு நான் சொல்ல முடியாதுங்க. அது அவங்க வேலை" என்றார். இதென்ன நியாயம்? பள்ளிக்கு வரும் ஆய்வு அதிகாரி கடைசி பெஞ்சில் உட்கார்ந்து பார்க்கலாம், குறை எழுதலாம். சாக்பீஸைப் பிடுங்கித் தானே பாடம் நடத்த முடியாது, அதுபோல... இந்த எடுத்துக்காட்டு அவருக்குச் சாதகமாகப் போய்விட்டது. வேறொன்று யோசித்துக்கொண்டிருக்கிறேன். ஆனா நீயே சொல்லு மச்சான், பிடிக்க வேண்டியவன் பிடிக்க மாட்டேங்கிறான், சொல்ல வேண்டியவர் சொல்ல மாட்டேங்கிறார், அப்ப எம் மணிக்கு யாருதான்யா பொறுப்பு?

ஆகவே உயர் நீதிமன்றத்துக்கு ஒன்பது பக்க மனு இணைத்திருக்கிறேன். மணியை எடுத்தவர் யாராயினும், உற்றார் உறவினர் என்று பாராமல், இருபத்து நான்கு மணி நேரத்துக்குள் கைது செய்ய வேண்டும். யோசிக்கும் உரிமையே காவலருக்கு இருக்கக் கூடாது. ஒரு வரிகூடக் குறைக்காமல் தாக்கல் செய்.

குழந்தைகளுக்கு என் அன்பு. எல்லோரும் நீடூழி வாழ்க.

உன் அத்தான்

பின்குறிப்பு: உறையை ஒட்டப் பசை காய்ச்சலாமென்று மாவு டின்னுக்குள் கையை விட்டேன். மணி தட்டுப்பட்டது. உன் அக்காளைக் கூப்பிட்டேன். "நான்தான் வெச்சேன். ஓய்வு உங்களுக்குத்தானே குடுத்தாங்க? எனக்கு இன்னும் ஸ்கூல் விடலையே! வந்து பிடிச்சிட்டுப் போகச் சொல்லுங்க உங்க மாணவனை. நாலு நாள் உள்ள இருந்தா நானும் நிம்மதியாத் தூங்குவேன்" என்கிறாள்.

மனுவைக் கிழித்துவிடு. யோசிக்கும் உரிமை காவலருக்குக் கட்டாயம் இருக்க வேண்டும்.

எதிர்வீட்டுக்காரரிடம் சொல்ல வேண்டும். இப்போது தூங்குகிறார்; எழுப்பக் கூடாது. அவர் எழுந்து வரும்வரை அவர் வாசலில் போய் நிற்கப் போகிறேன். நல்ல வெயில்தான். நிற்கிறேன்.