மனுவோடு போன எட்டுப் பக்கம்

மதுரையில் பிரெஞ்சு அண்ணனைப் போல இருப்புக்கொள்ளாத மனிதர் இன்னொருவர் கிடையாது. தல்லாகுளத்தில் நான் மனு டைப் அடிக்கும் கடை எட்டடிக்கு ஆறடி. அதற்குள்ளேயே தினமும் நாலு கிலோமீட்டர் நடப்பார். பத்தொன்பதாம் நூற்றாண்டுப் பிரெஞ்சு நாவல்களில் மனைவிமார்கள் வீட்டுக்குள் தவியாய்த் தவிப்பது ஏன் என்பது அவருடைய ஆராய்ச்சி. பதினாறு வருடமாக. ஆராய்கிறவர் வீட்டுக்காரம்மா என்ன செய்தார் என்று யாரும் ஆராயவில்லை.

டைப் அடிக்க ஆய்வேட்டுத் தாளைத் தருவதற்கு முன் மூன்று தடவை வாசித்துக் காட்டுவார். பொருள் புரியாமல் அடித்தால் எழுத்து செத்துவிடுமாம். கதாநாயகி சன்னலோரம் நின்றால் இவர் ஷட்டரோரம் நிற்பார். அவள் இருமினால் இவரும் இருமுவார். பட்டா மாறுதலுக்கு மனு எழுத வந்தவர்கள் மூக்கைப் பொத்திக்கொள்வார்கள்.

“ஒரு ஜெராக்ஸ் எடுத்து வச்சுக்கங்கண்ணே.”

“அம்புட்டுப் பெரிய நாவல எழுதுனவங்க ஜெராக்ஸா எடுத்தாங்க? அடி தம்பி.”

ஆய்வேட்டைப் பல்கலைக்கழகத்தில் கொடுக்க மறுநாள் கடைசி நாள். கடைசி எட்டுப் பக்கம் மட்டும் அடிக்க வேண்டும். மேசையில் அவை இல்லை. முந்தின நாள் கடைசியாக மனு வாங்கிப் போன திருப்பரங்குன்றம் பக்கத்து விவசாயிக்குப் போன் போட்டேன்.

“ஆமாண்ணே, வரப்புத் தகராறுக்கு இம்புட்டுத் தாளான்னு பாத்தேன். வக்கீலு கணக்கா எழுதிட்டீகளேன்னு கலெக்டர் ஆபீசுல சந்தோசமாக் குடுத்துட்டு வந்துட்டேன்.”

எட்டுப் பக்கத்தையும் அவர் மனுவோடு நானேதான் சேர்த்துப் பின் அடித்திருக்கிறேன்.

பதற்றம் வந்தால் எனக்கு மூளை நின்றுவிடும், கால் மட்டும் ஓடும். ஒற்றைச் செருப்போடு கலெக்டர் அலுவலகத்துக்கு ஓடினேன். வழியில் முருகனுக்கு மொட்டை நேர்ந்துகொண்டேன். அதற்கு வேண்டிய சரக்கு தலையில் இல்லை என்பது படியேறும்போதுதான் நினைவுக்கு வந்தது.

“தபால் ரிஜிஸ்தர்ல ஏறிருச்சுண்ணே. இனி தாள் திரும்பாது, பதில்தான் வரும்” என்றார் எழுத்தர்.

பதினாறு வருடத்தைப் பின் அடித்து அனுப்பியவன், வேறு வழியில்லாமல் உட்கார்ந்து எட்டுப் பக்கத்தையும் நானே அடித்தேன். காதில் கிடந்ததெல்லாம் வந்தது. ஆனால் மனுப் பழகிய கை. ‘மேற்படி கதாநாயகி யாதொரு குற்றமும் செய்யாத நிலையில், சன்னலைத் தவிர வேறு நாதியின்றி இருந்து வருகிறார். தன்னை ஒருமுறையேனும் யாராவது விசாரிக்க வேண்டும் என்பதே அவரது கோரிக்கை. ஆவன செய்ய வேண்டுகிறேன்.’

சாயங்காலம் அண்ணன் நடந்துகொண்டே வாசித்தார். மூன்றாம் பக்கத்தில் முகம் மாறியது.

“இது யாரு எழுதுனது?”

ஒரே மூச்சில் எல்லாவற்றையும் கொட்டினேன். அடிப்பார் என்று நாற்காலியைக் குறுக்கே இழுத்துப் போட்டுக்கொண்டேன். அவர் நடையை நிறுத்திவிட்டு ஷட்டரோரம் போய் நின்றார்.

“எங்க வீட்டுல முத தடவ வாசிக்கும்போதே எந்திரிச்சுப் போயிருவாக. நீ கேட்டுக்கிட்டுத்தான் இருந்திருக்க.”

“மன்னிச்சுருங்கண்ணே.”

“கெடக்கட்டும். முழுசும் எனக்கு மனப்பாடம், சொல்லச் சொல்ல அடி. அந்த விசாரிக்கிற வரி மட்டும் இருக்கட்டும். அது உன்னோடது, அடிக்குறிப்பு போடணும்.”

மறுநாள் ஆய்வேடு போய்ச் சேர்ந்தது. கடைசிப் பக்கத்தின் அடியில், பிரெஞ்சுப் பேராசிரியர்களுக்குக் கீழே, பொடி எழுத்தில் என் பெயர், பக்கத்திலேயே ‘நேர்ப்பேச்சு, தல்லாகுளம்’ என்று. அத்தனை நாளும் நான் காது கொடுத்தது கதாநாயகிக்காக அல்ல, அண்ணனுக்காகத்தான் என்பதையும் சேர்த்து அடித்திருக்கலாம். கை வரவில்லை.