பிளாஸ்திரி டாக்டரும் சோம்பேறிக் கண்ணும்

ஒரு காலத்தில் கள்ளக்குறிச்சியில் பாதிக் குழந்தைகள் ஒற்றைக் கண்ணோடுதான் திரிந்தார்கள். அதற்கு முழுப் பொறுப்பு ஒரே ஒரு கண் டாக்டர். ஊரே அவரைப் பிளாஸ்திரி டாக்டர் என்றுதான் சொல்லும்.

என் மகளுக்கு அப்போது நாலு வயது. இடது கண்ணில் பார்வை மங்கல். டாக்டர் கண்ணாடி எழுதிக்கொடுத்தார். கூடவே, நன்றாகத் தெரிந்த வலது கண்ணின் மேல் பிளாஸ்திரியை ஒட்டிவிட்டார். என் மனைவி பதறிப்போனாள்.

“நல்ல கண்ண மூடிட்டா கொழந்த எப்டிங்க நடக்கும்?”

“இது சோம்பேறிக் கண்ணுமா. மூளை ஒரு கண்ணு சொல்றத மட்டும் கேட்டுகினு இன்னொன்ன ஒதுக்கி வச்சிடுச்சி. இத மூடினா, வேற வழியில்லாம அதக் கேக்கும். சின்ன வயசுல பழக்கினாத்தான் உண்டு. ஜாஸ்தி வளந்துட்டா மூளை மசியாது.”

மகள் கதவில் முட்டினாள். சாம்பாருக்குள் கையை விட்டாள். பிளாஸ்திரியைப் பிய்த்துப் பூனைக்கு ஒட்டினாள். ஆனால் டாக்டரை ஏமாற்ற முடியாது. அவர் சட்டைப் பையில் எப்போதும் ஒரு பிளாஸ்திரிச் சுருள் இருக்கும். கடைத்தெருவில் வெறுங்கண்ணோடு மாட்டினால் மொபெட்டை நிறுத்தி ஒட்டிவிடுவார். ஒரு கல்யாணப் பந்தியில், அவரிடம் வைத்தியத்துக்கே வராத பையனுக்கும் அவசரத்தில் ஒட்டிவிட்டார்.

இட ஒதுக்கீட்டுப் போராட்டம் சூடாக இருந்த சமயம். மரங்களை வெட்டிச் சாலையில் போட்டிருந்தார்கள். கல்வராயன் மலைக் குழந்தைகளுக்குப் பிளாஸ்திரி தீர்ந்திருக்குமே என்று, டாக்டர் என்னையும் பின்னால் ஏற்றிக்கொண்டு கிளம்பிவிட்டார். வடக்கனந்தல் தாண்டியதும் போராட்டக்காரர்கள் மறித்தார்கள். பையைத் திறந்தால் முழுக்கப் பிளாஸ்திரி.

“யாருக்குங்க இவ்ளோ காயம்? மலை மேல இன்னா நடக்குது?”

“காயம்லாம் இல்லபா. நல்ல கண்ணுங்கள மூடப் போறேன்.”

எனக்கு வியர்த்தது. அவரோ வெட்டிய மரத்தின் மேலேயே உட்கார்ந்து மூளையைப் பற்றி விளக்க ஆரம்பித்துவிட்டார். கோடரி வைத்திருந்தவர் கடைசியில் தயங்கித் தயங்கிச் சொன்னார்: “எம் பொண்ணுக்கும் ஒரு கண்ணு ஓரமாப் போவுதுங்க.”

“நாளைக்கே இட்டுகினு வா. நாள் கடத்தாத.”

நாலு பேர் மொபெட்டைத் தூக்கி மரத்துக்கு அந்தப் பக்கம் வைத்தார்கள்.

அவருக்கு மாற்றல் வந்தபோது, வழியனுப்ப வந்த குழந்தைகளைப் பார்த்துக் கண்டக்டர் மிரண்டுபோனார். “இன்னாங்க, ஊர் முச்சூடும் கண்ணு நோவா?”

பஸ் நகர்ந்தது. ஜன்னலில் அவர் முகம். வலது கண்ணில் ஒட்டோடு நின்ற என் மகள் இடது கண்ணால் பார்த்துவிட்டு, “அப்பா, டாக்டர் மாமா அழுவுறாரு” என்றாள்.

எனக்குச் சரியாகத் தெரியவில்லை. அந்த நேரத்தில் என் இரண்டு கண்ணுமே மங்கலாகத்தான் இருந்தன.