கண்ணை மூடினால் தெரியும் பாலம்

பாலம் கட்டிய பொறியியலாளர்கள் உலகில் எத்தனையோ பேர். கல்லும் கம்பியும் சீமெந்தும் இல்லாமல், தண்ணீருக்குள் ஒரு தூண்கூட இறக்காமல் பாலம் கட்டிய முன்னோடி ஒருவர்தான். அவர் எங்கள் கண்டல்துறையில் பிறந்த ஸ்ரனிஸ்லஸ். அன்னாரின் சேவையைப் பாராட்டி வெளிவரவுள்ள சிறப்பு மலருக்கு வாழ்க்கைக் குறிப்பு எழுதும் பாக்கியம், கிராம அபிவிருத்திச் சங்கச் செயலாளர் என்ற முறையில் எனக்குக் கிடைத்திருக்கிறது. ‘அன்னார்’ என்பது மரண அறிவித்தலில் வரும் சொல் என்று சங்கத் தலைவி எமில்டா அக்கா ஆட்சேபித்தார். வேறு உலகத்தில் வாழ்பவருக்கு அதுவே பொருத்தம் என்று விட்டுவிட்டேன்.

அன்னாரின் திறமை இளமையிலேயே வெளிப்பட்டது. பூசையில் பிரசங்கம் தொடங்கக் கண்ணை மூடுவார். காணிக்கைத் தட்டு தாண்டிப் போனபின் திறப்பார். கணித வகுப்பில் ஆசிரியர் தட்டி எழுப்பினால், விடையைக் கனவில் கண்டுகொண்டிருந்ததாகவும் எழுப்பியதால் அது கலைந்துவிட்டதாகவும் குறைப்படுவார். உயர்தரப் பரீட்சைப் பெறுபேறு வந்ததும் ஊரில் நிற்க முடியாமல் கொழும்புக்குப் போனார். அங்கே ஹோட்டல் மண்டபமொன்றில் சனி, ஞாயிறு நடந்த பயிற்சியை முடித்து, ‘கனவுப் பொறியியலாளர்’ என்று அச்சடித்த அட்டையோடும் கழுத்துப்பட்டியோடும் திரும்பி வந்தார். பொறியியலுக்குள் ஒரு பொறி இருப்பதை அப்போது நாங்கள் கவனிக்கவில்லை.

எங்கள் ஊர் கடலுக்கும் களப்புக்கும் நடுவில் கிடக்கிறது. புதுக்குடியிருப்புக்குப் போகும் றோட்டு, ஓடைக்கு அந்தப் பக்கம். ஓடையில் இருந்த பாலத்தை ஒரு மாரி வெள்ளம் கொண்டுபோனது. அதன்பின் பெண்கள் மீன்பெட்டியைத் தலையில் வைத்துக்கொண்டு இடுப்பளவு தண்ணீரில் இறங்கித்தான் கடந்தார்கள். அக்கரையில் லொறியோடு காத்து நிற்கும் மீன் வியாபாரி ஹமீட் நானா, பெட்டி வந்து சேருமுன் ஐஸ் கரைந்து வெறும் லொறியோடு திரும்பிய நாட்களும் உண்டு. எமில்டா அக்காவின் மகள் பிரேமினி அப்போது பிள்ளைத்தாய்ச்சி. கிளினிக்கும் அக்கரையில்தான்.

பாலம் கேட்டு மேலிடத்துக்குப் போனோம். முதலில் ஒரு பொறியியலாளர் வந்து பார்க்க வேண்டும் என்றார்கள். பொறியியலாளர்கள் எல்லோரும் கூட்டத்தில் இருந்தார்கள். கூட்டத்தில் இல்லாத ஒரே பொறியியலாளர், அந்த அட்டையைக் காட்டி அங்கே வேலைக்குச் சேர்ந்திருந்த ஸ்ரனிஸ்லஸ். அவரை அனுப்பிவைத்தார்கள்.

படகு திருத்தும் வின்சனின் தோளில் ஏறி அன்னார் ஓடையைக் கடந்தார். கழுத்துப்பட்டி நனையவில்லை. கோயில் மண்டபத்தில் ‘செயலமர்வு’ ஆரம்பமானது. ஊருக்குப் பாலம் இல்லாததற்குக் காரணம் வெள்ளமல்ல, சனத்தின் மனத்தடைதான் என்று ஒலிவாங்கியில் விளக்கினார். பிறகு ‘பயனாளிகள்’ அனைவரும் பாய்களில் படுத்து, பாலத்தைக் கனவு காணும்படி பணிக்கப்பட்டார்கள். விடியப்புறம் வலை இழுத்துவிட்டு வந்த ஆண்கள் உடனே ஒத்துழைத்தார்கள். குறட்டை விட்டவர்கள் ‘தீவிர பங்கேற்பாளர்கள்’ என்று பாராட்டப்பட்டார்கள்.

எழும்பியதும் ஒவ்வொருவராகக் கனவை ஒப்புவிக்க வேண்டும். வின்சன் கண்டது பலகைப் பாலம். பலர் கண்டது மதியம் வரவிருந்த சோற்றுப் பார்சல். எமில்டா அக்காவின் முறை வந்தது.

“நான் பாதிப் பாலம்தான் கண்டனான் தம்பி. நடுவில முடிஞ்சு போச்சு. தண்ணிக்குள்ள விழுந்திட்டன்.”

“அது பாலத்தின்ர பிழை இல்லை அக்கா. நீங்கள் நேரத்தோட முழிச்சிட்டீங்கள்.”

“தண்ணி நல்லாக் குளிர்ந்திச்சு.”

“அப்ப தண்ணி சரியா வேலை செய்யுது,” என்று அன்னார் திருப்தியடைந்தார்.

ஆளுக்கொரு பாலம் கண்டால் போக்குவரத்து குழம்பிவிடும் என்பதால், எல்லோருக்கும் பொதுவான ‘நியமக் கனவு’ ஒன்றைத் தயாரிக்க உபகுழு அமைக்கப்பட்டது. கைப்பிடிக்கு நீலம் பூசுவதா பச்சை பூசுவதா என்பதில் உபகுழு இரண்டாகப் பிளந்தது. கடைசியில் நிறமில்லாமல் காண்பதென்று ஏகமனதாகத் தீர்மானித்தார்கள்.

திறப்பு விழா அக்கரையில் நடந்தது. மேலிடத்திலிருந்து வந்த பிரதம விருந்தினர் நாடாவை வெட்டினார். கண்ணை மூடிக்கொண்டு பாலத்தின்மேல் நடந்து காட்டுமாறு அன்னார் வேண்டிக்கொண்டார். விருந்தினர் அனுபவம் மிக்க நிருவாகி. கண்ணை மூடிக்கொண்டு முன்னேறுவது அவருக்குப் பழக்கமானது. முழங்கால் நனைந்தது, நிற்கவில்லை. இடுப்பு நனைந்தது, நிற்கவில்லை. வழி விலகிக் கழுத்தளவு ஆழத்துக்கு வந்தபோது வின்சன் குதித்து இழுத்து வந்தார். நனைந்த சேட்டைக் கழற்றிப் பிழிந்துகொண்டே விருந்தினர் உரையாற்றினார். பாலத்தின் அத்திவாரம் எவ்வளவு ஆழமானது என்பதைத் தாம் நேரில் உணர்ந்ததாகச் சொன்னார். திட்டம் பூர்த்தியடைந்ததாக அறிவிக்கப்பட்டது. அன்னாருக்கு விருதும் கிடைத்தது.

பிரேமினிக்கு மாதம் நெருங்கியது. சங்கக் கூட்டத்தில் எமில்டா அக்கா எழும்பி, “கனவில பிள்ளை பெற ஏலாது,” என்றார். அவ்வளவுதான் பேசினார். மறுநாளே வின்சன் உடைந்த படகொன்றைக் கழற்றத் தொடங்கினார். யுத்தத்தில் ஷெல் விழுந்து தலை போன பனைகள் இரண்டைத் தறித்தோம். ஹமீட் நானா புதுக்குடியிருப்பிலிருந்து ஆணியும் கயிறும் ஏற்றி வந்தார். பெண்கள் தண்ணீருக்குள் நின்று மரங்களைத் தாங்கிப் பிடித்தார்கள். மழைக்கு முன் பாலம் முடிந்தது. நோவு எடுத்த அன்று பிரேமினி தாயின் கையைப் பிடித்துக்கொண்டு அதன்மேல் நடந்து போனாள். ஐஸ் லொறியில் ஆஸ்பத்திரிக்கு ஏற்றினோம். பெண்பிள்ளை. இரண்டு பேரும் சுகம். கொஞ்சநாள் மீன்வாசம் மட்டும் போகவில்லை.

இந்தச் சட்டவிரோதச் செயலை மேலிடம் பார்த்துக்கொண்டிருக்குமா? ஓர் உத்தியோகத்தர் வந்தார். எங்கள் பாலத்தின் நடுவில் வசதியாக நின்றுகொண்டு, இந்த இடத்தில் ஏற்கெனவே ஒரு பாலம் இருப்பதால் ஒன்றை உடனே அகற்ற வேண்டும் என்று உத்தரவிட்டார்.

“எதைக் கழட்டினாலும் சரியோ ஐயா?” என்று எமில்டா அக்கா பணிவாகக் கேட்டார்.

“ஓம். ஒண்டு மிஞ்சினால் போதும்.”

அன்று பின்னேரமே ஊர் முழுக்கக் கரையில் கூடிக் கண்ணை மூடி, கனவுப் பாலத்தை இடித்துத் தள்ளினோம். நிறமில்லாத கைப்பிடியை வின்சன் தனியாகவே பிடுங்கினார். சிலருக்கு வியர்த்தும்விட்டது.

அடுத்த கிழமை எங்கள்மேல் முறைப்பாடு வந்தது: பொதுச் சொத்துக்குச் சேதம் விளைவித்தமை. விசாரணை எங்கள் கோயில் மண்டபத்தில். பிரதான சாட்சி அன்னாரேதான்.

விசாரணைக்கு அன்னார் வந்த காட்சியை எழுதாவிட்டால் இந்த வாழ்க்கைக் குறிப்பு நிறைவடையாது. மரப் பாலத்தால்தான் வந்தார். இரண்டு கையாலும் கயிற்றை இறுக்கிப் பிடித்துக்கொண்டு, இரண்டு கண்ணையும் அகலத் திறந்துகொண்டு, பலகை பலகையாகப் பார்த்துக் காலை வைத்தார். எமில்டா அக்கா எதிரே போய்க் கைகொடுத்தார்.

“உங்கட பாலத்தால நீங்கள் ஒருநாளும் வந்ததைக் காணேல்லையே தம்பி?”

அன்னார் பலகையிலிருந்து கண்ணை எடுக்கவில்லை.

“அது சனத்துக்குக் கட்டினது அக்கா.”