யோகமலரின் ஞாயிறு நித்திரையும் ஒலிபெருக்கிக் குறைப்பு உடன்படிக்கையும்

உலக சமாதானம் எங்கேயாவது ஓரிடத்தில் தொடங்கித்தான் ஆகவேண்டும். அது தன்னுடைய படுக்கையறையில் தொடங்கும் என்று யோகமலர் எதிர்பார்க்கவில்லை.

யோகமலர் இருப்பது கோப்பன்ஹேகனுக்கு மேற்கே, எஸ்-ரயில் பாதையோரத்து அடுக்குமாடி ஒன்றின் முதலாம் மாடியில். முதியோர் இல்லத்தில் இரவு வேலை. ஞாயிறு பின்னேரம் ஒரு நித்திரை கொண்டெழும்பினால்தான் அன்றிரவு மருந்துக் குளிசைகளை ஆள்மாறாமல் கொடுக்கலாம். போன மாதம் ஒரு கிழவரின் வாய்க்குள், அடுத்த அறைக் கிழவியின் குளிசையைப் போடப்போன நேரத்தில்தான் திடுக்கிட்டு விழித்தார். "இன்னொருமுறை நடந்தால் நாங்கள் பிரியவேண்டி வரும்" என்று பொறுப்பாளர் சிரித்துக்கொண்டே சொன்னார். டென்மார்க்கில் வேலை போவதைச் சிரித்துக்கொண்டுதான் சொல்வார்கள்.

நித்திரைக்கு எதிரி கீழ்மாடியில் இருந்தது. அங்கே பொதுமண்டபம். அதில் ஞாயிறு தோறும் இரண்டு மணிக்கு எங்கள் தமிழர் ஒன்றியம் கூடும். குத்துவிளக்கின் மூன்றாம் திரியை யார் ஏற்றுவது என்ற கொள்கைப் பிரச்சினையில் ஒன்றியம் உடைந்து, ஐக்கிய தமிழர் ஒன்றியம் பிறந்தது. பிரிந்தவர்கள் ஆட்களை விட்டுக்கொடுத்தார்கள், நேரத்தை விட்டுக்கொடுக்கவில்லை. ஆகவே மண்டபத்தின் நடுவே மடிப்புத் தட்டியை இழுத்துவிட்டு, அந்தப் பக்கம் ஒரு கூட்டம், இந்தப் பக்கம் ஒரு கூட்டம். பக்கத்துக்குப் பதினைந்து பேர் வந்தால் பெரிய விசயம். ஆனாலும் ஸ்பீக்கர் இல்லாமல் பேசியதைப் பேச்சு என்று எங்கள் ஆட்கள் கணக்கில் எடுப்பதில்லை. பக்கத்துக்கொரு ஸ்பீக்கர்.

யோகமலர் இறங்கிவந்து கேட்டார்.

"கந்தையா அண்ணை, கொஞ்சம் குறைச்சுப் போடுங்கோவன். படுக்க ஏலாமக் கிடக்கு."

ஒன்றியத் தலைவர் கந்தையா உருகிப்போனார். "நான் இப்பவே குறைப்பன் பிள்ளை. ஆனால் நான் குறைச்சால் ஸ்ரிபன்ரை பேச்செல்லோ என்ரை பக்கத்துக்குக் கேக்கும்?"

தட்டிக்கு அந்தப் பக்கம் ஐக்கிய ஒன்றியத் தலைவர் ஸ்ரிபன். "அக்கா, முதல் அவரைக் குறைக்கச் சொல்லுங்கோ. அடுத்த நிமிசம் நான் குறைக்காட்டில் என்னைக் கேளுங்கோ."

வேறு வழியில்லாமல் யோகமலர் வீட்டுத்தொகுதி அலுவலகத்துக்கு இரண்டு வரி எழுதினார். அதைப் படித்தவர் ஆலோசகர் ஹெலே. அதே மேசையில், அதே கோப்பிக் குடுவையோடு, முன்பு அவர் குடியேறிகள் இணைவு ஆலோசகராக இருந்தார். பிறகு காலநிலை ஆலோசகரானார். இப்போது நாடே பாதுகாப்பைப் பற்றிக் கதைப்பதால், பாதுகாப்பு மற்றும் நல்லிணக்க ஆலோசகர். ஒரு வாரப் பயிற்சி முடித்து அப்போதுதான் வந்திருந்தார்.

"இரண்டு மணியிலிருந்து ஐந்து மணிவரை சத்தத்தைக் குறைத்தால் போதும்" என்றார் யோகமலர்.

"அது விளைவை மட்டும் தீர்க்கும்" என்றார் ஹெலே. "நமக்கு வேண்டியது ஒரு செயல்முறை."

பேச்சுவார்த்தை தொடங்கியது. முப்பத்தைந்து வருசமாக டெனிஸ் மொழி பேசிய இரண்டு தலைவர்களும், சமாதானப் பேச்சென்றதும் மொழிபெயர்ப்பாளர் வேண்டும் என்றார்கள். கொடுக்கப்பட்டது. முதற்கட்டமாக, இரு தரப்பும் தம்மிடமுள்ள ஒலிபெருக்கிகளை அடுத்த அமர்வில் அறிவிக்கவேண்டும். பின்னர் சரிபாதியாகக் குறைக்கப்படும் என்று ஹெலே விளக்கினார்.

அன்றே கந்தையா தன் செயற்குழுவைக் கூட்டினார்.

"ஒண்டை வைச்சுக்கொண்டு என்னத்தைப் பாதியாக்கிறது? குறைக்கிறதெண்டால் முதல் கையிலை இருக்கவேணுமெல்லோ!"

செயற்குழு ஏகமனதாக ஏற்றுக்கொண்டது. பக்கத்து ஊரான புரொண்பியிலிருந்து அவருடைய மச்சானின் ஸ்பீக்கர்கள் வந்தன. நட்பு நாட்டுப் படைபோல மண்டப மூலையில் நிறுத்தப்பட்டன. அதைத் தட்டியின் இடைவெளிக்குள்ளால் பார்த்த ஸ்ரிபன், ஜேர்மனியிலிருந்து ஒரு வான் வண்டி நிறைய இறக்கினார். அடுத்த அமர்வில் பக்கத்துக்குப் பன்னிரண்டு அறிவிக்கப்பட்டது. வெளிப்படைத்தன்மைக்காக இருவரையும் ஹெலே பாராட்டினார்.

"உதுகளை என்ன செய்யப் போறியள்?" என்று யோகமலர் மாடிப்படியில் வைத்துக் கேட்டார்.

"போடவே மாட்டம்" என்றார் ஸ்ரிபன். "எங்களாலை போட ஏலும் எண்டு அவைக்குத் தெரிஞ்சால் காணும்."

"தெரியிறதெண்டால்?"

"ஒருக்காப் போட்டுக் காட்டவேணும்தானே அக்கா."

ஞாயிறு தோறும் போட்டுக் காட்டினார்கள். யோகமலரின் அலுமாரிக்குள் கிளாசுகள் ஒன்றோடொன்று கதைத்தன. அவர் காதுக்குள் பஞ்சை அடைத்துக்கொண்டு, மகன் ரஜிதன் வாங்கிக்கொடுத்த தலையணையால் மூடிக்கொண்டு படுத்தார். கட்டில் ஆடியது.

இரண்டாம் கட்டம் கண்காணிப்பு. சத்தத்தைப் பாதிக்கப்பட்ட இடத்திலிருந்தே அளக்கவேண்டும் என்பது விதி. பாதிக்கப்பட்ட இடம் யோகமலரின் படுக்கையறை. ஆகவே ஞாயிறு இரண்டு மணிக்கு, தரப்புக்கு ஒரு பிரதிநிதியும், நடுநிலைக்கு ஹெலேயும், சத்தமானியோடு அவருடைய கட்டிலில் வரிசையாக உட்கார்ந்தார்கள். வீட்டுக்கு வந்தவர்களை வெறுங்கையோடு அனுப்ப எங்கள் வளர்ப்பு விடாது. யோகமலர் உழுந்து வடை சுட்டார், தேத்தண்ணி ஊற்றினார். நித்திரை நேரம் வடைக்குப் போனது. கண்காணிப்பு நான்கு மாதம் நீண்டது. வடை நல்லாக இருந்ததும் ஒரு காரணம்.

கடைசியில் உடன்படிக்கை கையெழுத்தானது. பன்னிரண்டு, ஆறாகியது. ஐம்பது வீதக் குறைப்பு! கந்தையாவும் ஸ்ரிபனும் கட்டிப்பிடித்துப் படமெடுத்தார்கள். பக்கத்துக்கு மீந்த ஆறையும் வைத்து வெற்றிவிழா நடந்தது, யோகமலரின் கட்டிலுக்கு நேர் கீழே.

"தொடக்கத்தில் ஒவ்வொன்றுதானே இருந்தது?" என்று ஹெலேயிடம் கேட்டார் யோகமலர்.

"அது உடன்படிக்கைக்கு முந்திய காலம். அதற்கான தரவு எங்களிடம் இல்லை." பிறகு ஹெலே குரலைத் தாழ்த்தினார். "நகரில் ஒரு மாநாடு. ஆயுதக் களைவு பற்றியது. வெளிநாடுகளிலிருந்தெல்லாம் வருகிறார்கள். நமது முன்மாதிரியை விளக்கப்போகிறேன். பாதிக்கப்பட்டவரின் குரலாக நீங்கள் வரவேண்டும்."

"எப்போது?"

"ஞாயிறு, இரண்டு மணிக்கு."

யோகமலர் யோசித்தார். "அங்கே சத்தமாகப் பேசுவார்களா?"

"சேச்சே. மிக மெதுவாக. நீண்ட நேரம்."

"வருகிறேன்."

எங்கள் ஊரிலிருந்து நாங்களும் ஒரு பெட்டி நிறைய ரயிலேறிப் போனோம், இரண்டு ஒன்றியமும் எதிரெதிர் இருக்கைகளில். மாநாட்டு மண்டபத்தின் கம்பளத்தில் கால் புதைந்தது. யோகமலரை மேடையில் ஒரு மெத்தைக் கதிரையில் இருத்தி, சட்டையில் சின்ன மைக் குத்திவிட்டார்கள். நிபுணர்கள் பேசினார்கள். பரஸ்பர நம்பிக்கை என்றார்கள், சமநிலை என்றார்கள், படிப்படியாக என்றார்கள். மூன்றாவது படியில் யோகமலரின் தலை சாய்ந்தது. அப்படியொரு நித்திரை. மைக் வழியாக மெல்லிய குறட்டை சபை முழுக்கப் பரவியது.

ஹெலே ஒரு நொடிதான் தடுமாறினார். பிறகு கை நீட்டிக் காட்டினார்.

"மதிப்புக்குரியவர்களே, ஓராண்டுக்கு முன் இந்தப் பெண்ணால் ஞாயிற்றுக்கிழமை உறங்க முடியவில்லை. இன்று பாருங்கள்!"

சபை எழுந்து நின்றது. கைதட்டல் கூரையை இடித்தது. யோகமலர் பதறி விழித்து, நெஞ்சில் கைவைத்து, எங்களைப் பார்த்துக் கேட்டது மண்டபத்து ஸ்பீக்கர்கள் எல்லாவற்றிலும் ஒலித்தது.

"என்ன, திரும்பவும் துவங்கிட்டியளோ?"

மொழிபெயர்ப்பாளர் குரல் தழுதழுக்க மொழிபெயர்த்தார்: "மீண்டும் தொடங்கிவிட்டீர்களா என்று உங்களைக் கேட்கிறார்."

நிபுணர்கள் ஒருவரையொருவர் பார்த்தார்கள். இப்படியொரு கேள்வியை அவர்களிடம் இதுவரை ஒருவரும் கேட்டதில்லையாம். சிலர் கண்ணைத் துடைத்தார்கள். பிறகு முன்னதை விடப் பலமாகத் தட்டினார்கள்.

எங்களுக்கு விசயம் விளங்கியது. ஆனால் ஸ்ரிபனின் ஆட்கள் தட்டும்போது நாங்கள் நிற்பாட்டலாமோ?