மேசை விளக்கு கலையான வரலாறு

மனித குலத்தின் முதல் சாதனை நெருப்பைக் கண்டுபிடித்தது. இரண்டாவது, விளக்கின் மேல் அக்ரிலிக் வண்ணம் பூசியது. இடையில் நடந்ததெல்லாம் வெறும் ஆயத்தம் என்பதில் தலைமை எழுத்தருக்கு ஐயமே இல்லை.

அவருடைய அலுவலகத்தின் 'ஊழியர் உள்ளொளி மேம்பாட்டுக் குழு' கூடி, தேநீர் அருந்தி, மறுபடி தேநீர் அருந்தி, ஒவ்வொரு ஊழியரும் தம் வீட்டுப் பொருள் ஒன்றில் வண்ணம் தீட்டி ஆன்மாவைப் புதுப்பித்துக்கொள்ள வேண்டும் என்று ஏகமனதாகத் தீர்மானித்திருந்தது. சிறந்த ஆன்மாக்களை மேலாளரே வீடு தேடி வந்து பார்வையிடுவார்.

தலைமை எழுத்தரின் கண் மேசை விளக்கில் விழுந்தது. அதன் கீழேதான் அவர் மனைவி தினமும் உட்கார்ந்து, தையல்கடைக்காரர் கொடுக்கும் வக்கீல் கோட்டுகளின் கை ஓரத்தை மடித்துத் தைப்பாள். கறுப்புத் துணியில் கறுப்பு நூல். அந்த வெளிச்சம் இல்லாவிட்டால் ஊசி எங்கே, விரல் எங்கே என்பது அவளுக்கே தெரியாது. இத்தகைய அற்ப விஷயங்கள் கலையின் குறுக்கே நிற்கலாமா?

விளக்கின் துணிக்கூண்டில் கருநீல வானத்தைத் தீட்டினார். வெளிப்பக்கம் காய்ந்ததும், அலுவலகப் பழக்கம் விடாமல், உட்பக்கத்திலும் அதற்கு ஒரு 'நகல்' எடுத்தார். பல்பு மட்டும் வெறுமையாக இருப்பது உறுத்தவே, அதன்மேல் முழு நிலவொன்றைப் பூசினார். சுவிட்சைப் போட்டார். அறை இன்னும் சற்று இருண்டது.

மனைவி சுவிட்சை இரண்டு முறை அணைத்துப் போட்டுப் பார்த்தாள். அதை அவர் பாராட்டாகப் பதிவு செய்துகொண்டார்.

மேலாளர் வந்தார். விளக்கைத் தடவிப் பார்த்தார்.

"அருமை. ஆனா ஒண்ணும் தெரியலையே. இதுக்கு ஒரு லைட்டு போடுங்க."

அன்றே புது விளக்கு ஒன்று வாங்கி, பழைய விளக்கின் மேல் ஒளி விழும்படி நிறுத்தப்பட்டது. மனைவி கோட்டும் கையுமாக நாற்காலியை அதனருகே இழுத்தாள்.

"கொஞ்சம் தள்ளிக்கோ. உன் நிழல் வானத்து மேல விழுது."

"அப்ப நான் எங்க உக்காந்து தைக்கிறது?"

"மாடிப்படியில லைட்டு இருக்கே. காத்தும் வரும்."

மாடிப்படி விளக்கு, சிக்கனம் கருதி, நினைத்தபோது தானாக அணைந்துவிடும் ரகம். அப்படி அணைந்த ஒரு வேளையில் அவள் மடிப்போடு சேர்த்துக் கோட்டுக் கையின் வாயையே தைத்துவிட்டாள். வாங்க வந்த தையல்கடைக்காரர் உள்ளே கையை விட்டார். கை வெளியே வரவில்லை. வக்கீல் இதைப் போட்டுக்கொண்டு எப்படியம்மா கை நீட்டிப் பேசுவார் என்று கேட்டார். இனி வேலை வேறு ஆளுக்கு என்று சொல்லிவிட்டு, மீதிக் கோட்டுகளையும் அள்ளிக்கொண்டு போனார்.

தலைமை எழுத்தர் மனைவியைத் தேற்றினார். மகத்தான படைப்பு ஒவ்வொன்றுக்கும் யாராவது எதையாவது இழக்கத்தான் வேண்டும். அந்தப் பெருமை வெளியாருக்குப் போகாமல் குடும்பத்துக்குள்ளேயே தங்கியது பாக்கியம் என்றார்.

அவள் எழுந்து வந்து, புது விளக்கின் வெளிச்சத்தில், பழைய விளக்கின் பக்கத்தில் நின்றாள்.

"தள்ளி நில்லு, மறைக்குது."

அவள் நகரவில்லை.

"எரிஞ்ச வரைக்கும் இந்த விளக்கை நீங்க ஒரு நாளும் திரும்பிப் பாத்ததில்ல. ஒண்ணுக்கும் ஆகாம போனப்புறம் லைட்டு போட்டு உக்காந்து பாக்குறீங்க. எனக்கும் இன்னியோட வேலை போச்சு. பாருங்க."